இரண்டாம் முறை எடுத்த ஜாடி

வேலந்தாவளத்தில் பஸ் நின்றது. செக்போஸ்ட் ஆள் ஒருவர் ஏறி என் மடியிலிருந்த பையைத் திறக்கச் சொன்னார். உள்ளே இரண்டு சட்டை, ஒரு கம்பளிக் குல்லாய், ஜெபமாலை, ஒரு கட்டுக் கடிதம், நின்றுபோன கைக்கடிகாரம், தண்ணீருக்குள் இறங்குகிறவர்கள் போட்டுக்கொள்ளும் ரப்பர் முகமூடி. முகமூடியை மட்டும் எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, இது என்னத்துக்கு என்று மலையாளத்தில் கேட்டார். தண்ணீருக்குள் பார்ப்பதற்கு என்றேன். அவர் ஜன்னலுக்கு வெளியே கையைக் காட்டினார். கண்ணுக்கு எட்டிய மட்டும் வெடித்துக் கிடந்த வயல். "நல்ல ஊராகப் பார்த்துத்தான் வந்திருக்கிறீர்" என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார். பஸ்ஸில் எல்லாரும் சிரித்தார்கள். நான் முகமூடியை மறுபடி சட்டைக்கு அடியில் வைத்தேன்.

அந்தப் பையில் எதுவும் என்னுடையது அல்ல. எல்லாம் மரியதாஸின் பொருட்கள். என்னோடு கடலுக்குள் இறங்கி வேலை செய்தவர். இறந்து ஒரு வருஷத்துக்கு மேலாகிவிட்டது. பையை அவர் வீட்டாரிடம் கொடுத்துவிட்டு வருகிறேன் என்று சொல்லித்தான் இங்கிலாந்தில் லீவு வாங்கியிருந்தேன். தபாலில் அனுப்பியிருக்கலாமே என்று அங்கே யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பேனோ தெரியாது.

என்னைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். நான் தூத்துக்குடிக்காரன். இங்கிலாந்துக்குச் சரித்திரம் படிக்கப் போய், அங்கேயே ஓர் அருங்காட்சியகத்தின் நிலவறையில் உடைந்த பானைகளைப் படம் வரையும் வேலையில் சேர்ந்தேன். கடலடியில் கிடக்கும் பழைய கப்பல்களைத் தோண்டிப் பார்க்கும் துறை அப்போதுதான் அங்கே தலையெடுத்துக்கொண்டிருந்தது. தண்ணீர் நிறைந்த ஒரு பழைய கல்குவாரியில், பல் கிட்டிப்போகும் குளிரில் மூழ்கிப் பழகினேன். ஒரு நாள் தொலைக்காட்சிக்காரர்கள் வந்தார்கள். ஈரத் தலையோடு படகில் உட்கார்ந்து கையிலிருந்த ஓட்டாஞ்சில்லைப் பற்றி நான் பேசியது அவர்களுக்குப் பிடித்துவிட்டது. அடுத்த வருஷம் எனக்கென்று ஒரு நிகழ்ச்சி. மீன்கடைக்காரர் பெயர் சொல்லிக் கூப்பிட ஆரம்பித்தார். ரயிலில் எதிரே உட்கார்ந்திருந்த ஒரு பெண்மணி, கடலுக்கு அடியில் போகும் அந்த இந்தியர் நீங்கள்தானே என்று கேட்டு, கைப்பையிலிருந்து பிஸ்கட் எடுத்துக் கொடுத்தார்.

பெருமையாகத்தான் இருந்தது. இல்லை என்றால் பொய்.

தொலைக்காட்சியில் ஒரு தொந்தரவு உண்டு. கடலடியில் ஏதாவது அகப்படும் சமயத்தில் காமிரா வேறு எங்கேயாவது இருக்கும். முதலில் ஒரு சிறிய பீங்கான் தட்டு விஷயத்தில் அப்படி ஆயிற்று. திரும்ப அதே இடத்தில் வைத்துவிட்டு இன்னொரு தடவை எடுத்தால் என்ன என்றார் தயாரிப்பாளர். வைத்தோம். எடுத்தேன். முகமூடிக்குள் கண்ணை அகல விரித்தேன். பார்த்தவர்கள் யாருக்கும் வித்தியாசம் தெரியவில்லை. அதற்குப் பிறகு அதுவே வழக்கமாகிவிட்டது.

மரியதாஸைச் சந்தித்தது வளைகுடாவில். துறைமுகம் கட்டும் ஒரு கம்பெனியில் டைவராக இருந்தார். அங்கே மூழ்கிக் கிடந்த ஒரு கப்பலைத் தோண்டப் போன நாங்கள் கம்பெனியிடம் ஆள் கேட்டோம், அவரை அனுப்பினார்கள். மலைக்காரர். கடலையே வயது வந்த பிறகுதான் பார்த்தாராம். மின்சார போர்டின் அணைகளில், மதகுக் கம்பிவலையில் வந்து அடைத்துக்கொள்ளும் மரக்கட்டைகளை எடுப்பதற்காக இறங்கிப் பழகியவர். கலங்கிய தண்ணீரில் விரலாலேயே பார்ப்பார். அப்படி ஒரு கை எனக்கு முன்பும் கிடைத்ததில்லை, பிறகும் கிடைக்கவில்லை.

நேரே மூணாறு மலையிலிருக்கும் சித்திரபுரத்துக்கு, அவர் தகப்பனாரிடம் போக எனக்குத் தைரியம் வரவில்லை. பையிலிருந்த கடிதங்களில் ஒன்று கொழிஞ்சாம்பாறையிலிருந்து வந்திருந்தது. எழுதியவர் பழனிச்சாமி. அணைகளில் மரியதாஸ் இறங்கும்போது மேலே நின்று கயிறும் காற்றுக் குழாயும் பிடித்தவர். ரிட்டையராகிச் சொந்த ஊருக்கு வந்துவிட்டவர். முதலில் அவரைப் பார்க்கலாம், வீட்டு நிலைமையை விசாரித்துக்கொள்ளலாம் என்று என்னை நானே சமாதானப்படுத்திக்கொண்டு வேலந்தாவளம் வழியாக வந்திருந்தேன்.

பழனிச்சாமி வீட்டைக் கண்டுபிடிக்கச் சிரமமே இல்லை. டீக்கடையில் கேட்டதும் ஒருவர் சைக்கிளிலிருந்து இறங்கி வாசல்வரை கூடவே நடந்து வந்தார். உட்கார்ந்த கையோடு தட்டு வந்தது: ராகிக் களியும் கொள்ளுப் பருப்பும். களியை மென்று தின்னக் கூடாது, விழுங்க வேண்டும் என்று பழனிச்சாமியின் மனைவி எனக்குச் சொல்லித் தந்தார். இங்கிலாந்தில் ஒரு வீட்டுக்குச் சொல்லாமல் போனால் முதலில் வானிலையைப் பற்றிப் பேசுவார்கள். இங்கே முதலில் தட்டு.

"ஏனுங்க சார், டிவில வர்றவரு நீங்கதானுங்களா? மரியதாசு காயிதத்துல எழுதியிருந்தானுங்க" என்றார் பழனிச்சாமி. "நாங்க அதக் கண்ணுல பாத்ததில்லீங்க. அதுல ஆளு முழுசாத் தெரியுமுங்களா?"

"தெரியும். சின்னதாகத் தெரியும்."

"அவனும் தெரிஞ்சானுங்களா?"

"கை மட்டும் தெரிந்தது" என்றேன்.

அவர் களியில் ஓர் உருண்டை பிடித்தார். பிறகு எவ்வளவு ஆழம் என்று கேட்டார். சொன்னேன். களியை உருட்டிக்கொண்டிருந்த அவர் கை நின்றது.

"அத்தன ஆழத்துக்கு ஒருக்கா போய் வந்தா அன்னிக்குப் பூரா மேலதான் இருக்கோணும். எங்க அணையிலேயே அதுதானுங்க சட்டம். மேலே வந்தவன நானே கட்டிலப் போட்டுப் படுக்க வச்சுருவேன். அதெல்லாம் அவனுக்குத் தெரியுமே. ரண்டு தடவ எறக்கிப்போட்டீங்களா?"

ஆழத்தில் நேரம் போக்கியவன் உடம்பில் காற்று கரைந்து தங்கிவிடும். அது வெளியேறப் பல மணி நேரம் வேண்டும். அதற்குள் மறுபடி இறங்கி ஏறினால், மூடி திறந்த சோடாவைப் போல ரத்தத்தில் குமிழிகள் கிளம்பும். இது எனக்கும் தெரியும். என்னிடம் அச்சடித்த அட்டவணையே இருந்தது. ஆனால் நான், "அதையெல்லாம் கம்பெனிக்காரர்கள்தான் பார்த்துக்கொண்டார்கள்" என்று சொன்னேன்.

"அப்புடீங்களா" என்றார் பழனிச்சாமி. அதற்குப் பிறகு மழையைப் பற்றியும் கிணற்றைப் பற்றியும் மட்டும்தான் பேசினார். கிளம்பும்போது அவர் மனைவிதான் வழியனுப்பினார். பழனிச்சாமி மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போய்விட்டார்.

மறுநாள் உடுமலைப்பேட்டையிலிருந்து மூணாறு பஸ். முன் சீட்டில் ஒரு கூடைக் கோழி, என் காலடியில் யாரோ வைத்த தகர டப்பா. சின்னாறு தாண்டும்வரை முள்ளும் கல்லும்தான். மறையூரில் திடீரென்று கரும்பு. பஸ் நின்ற இடத்தில் வெல்லம் காய்ச்சும் வாசனை அப்படியே உள்ளே ஏறி வந்தது. எல்லாரும் இறங்கி டீ குடித்தோம். உருண்டை வெல்லம் ஒன்று வாங்கி வாயில் அடக்கிக்கொண்டேன். நான் பார்க்க வேண்டியவர் அங்கிருந்து கூப்பிடு தூரத்தில் இருந்தார் என்பது அப்போது எனக்குத் தெரியாது.

மேலே ஏற ஏறக் குளிர். தேயிலைத் தோட்டங்கள் ஆரம்பித்த இடத்தில் பஸ்ஸின் அடியில் ஏதோ முறிந்த சத்தம் கேட்டது. டிரைவர் இறங்கிக் குனிந்து பார்த்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல் ஒரு கல்லின்மேல் உட்கார்ந்து பீடி பற்ற வைத்தார். பஸ் இனி நகராது என்பதற்கு அதுதான் அறிவிப்பு. இங்கிலாந்தில் ரயில் சற்றுத் தாமதமானாலே பத்திரிகைக்குக் கடிதம் எழுதுகிறவர்கள் உண்டு. இங்கே யாரும் டிரைவரிடம் ஒரு கேள்வி கேட்கவில்லை. கோழிக்காரர் கூடையைத் தலையில் வைத்துக்கொண்டு நடக்க ஆரம்பித்தார்.

ஓரத்தில் ஒரு கடை. பால் விடாத கட்டன் சாயாவும் வேகவைத்த மரவள்ளிக் கிழங்கும் காந்தாரி மிளகாய்ச் சம்மந்தித் துவையலும். இத்தனை ஆயிரம் ஏக்கர் தேயிலைக்கு நடுவில் கிடைக்கும் டீ இப்படி இருக்கிறதே என்று நினைத்துக்கொண்டேன். பக்கத்து பெஞ்சில் இரண்டு பேர் மலையாளத்தில் பேசிக்கொண்டிருந்தார்கள். "போன மாதம் இதே வளைவில்தான் நின்றது" என்றார் ஒருவர். "அது வேறு பஸ்" என்றார் மற்றவர். "பஸ் வேறு, வளைவு இதுதான்." மூடுபனி கடைக்குள்ளேயே வந்து உட்கார்ந்தது. வந்த வழியே திரும்பிவிட இது போதுமான காரணமா என்று நான் உண்மையாகவே யோசித்தேன். ஆனால் கீழே போகவும் பஸ் இல்லை. தோட்டத்து ஜீப் ஒன்று வந்து எங்களில் சிலரை ஏற்றிக்கொண்டது.

மூணாற்றில் தங்கிவிட்டு, காலையில் சித்திரபுரம் போனேன். சரிவில் வரிசையாக போர்டு குவார்ட்டர்ஸ். கீழே எங்கோ, பள்ளிவாசல் என்னும் ஊரிலிருக்கும் பவர் ஹவுஸின் உறுமல். மரியதாஸின் தகப்பனார் சவரிமுத்து அங்கேதான் வேலை பார்த்தார். அன்று அவருக்கு விடுப்பு. மரியதாஸின் தாயார் இறந்து பல வருஷமாகிறது. சவரிமுத்து ஒல்லியான, நிமிர்ந்த மனிதர். மாதா கோயில் மதுவிலக்குச் சங்கத்துக்கு அவர்தான் தலைவர் என்று வழிகாட்டியவர் சொல்லியிருந்தார்.

"வாங்கய்யா, இரிங்க. அம்மாந் தூரத்துலேருந்து வந்திருக்கிய" என்று நாற்காலியைத் துடைத்துப் போட்டார். அவரே உள்ளே போய் மத்திக் குழம்பும் சோறும் கொண்டுவந்து வைத்தார். சாப்பிட்டு முடிக்கும்வரை மகனைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை.

நான் பையை முன்னால் நகர்த்தினேன். அவர் தொடவில்லை.

"எனக்கு வேண்டாம்யா. அவன் போட்டோவக்கூட நானே கழத்திட்டேன்."

"ஏன்?"

எழுந்து போய் டிரங்குப் பெட்டியிலிருந்து ஒரு உறையை எடுத்து வந்தார். "கம்பெனிலேருந்து வந்தது. இங்கிலீசு. ஆபீசு கிளார்க்குதான் படிச்சுச் சொன்னாரு. குடிச்சிட்டுத் தண்ணிக்குள்ள எறங்கிருக்கான். ஊரு பூரா தெரிஞ்சு போச்சு. குடிக்காதீங்க குடிக்காதீங்கன்னு தோட்டத்து லயம் லயமாப் போயிச் சொல்லுதவன் நான். என் மவன் குடிச்சே செத்தான்னா, நான் எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டுப் போவேன்?"

வாங்கிப் படித்தேன். விபத்து அறிக்கையின் நகல். படகில் மது இருந்தது, இறந்தவர் அருந்தியிருந்திருக்கக்கூடும், அவரே பாதுகாப்பு விதிகளை மீறிவிட்டார் என்று இரண்டாம் பக்கத்தில் இருந்தது. அடியில் குழுத் தலைவரின் கையெழுத்து.

என் கையெழுத்து.

மரியதாஸ் இறந்த மறுநாள் கம்பெனி ஆள் ஒருவர் வந்து, படகில் குடி இருந்ததா என்று கேட்டது நினைவுக்கு வந்தது. படகோட்டிகளிடம் ஒரு பாட்டில் இருந்தது என்று சொன்னேன். அது நிஜம். சாயங்காலம் தட்டச்சு செய்து கொண்டுவந்தார்கள். படப்பிடிப்புக் குழுவின் விமானத்துக்கு நேரமாகிக்கொண்டிருந்தது. முதல் பக்கத்தை மட்டும் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டேன். அவர் எத்தனை முறை இறங்கினார் என்று யாரும் கேட்கவில்லை. கேட்காததை நான் சொல்லவும் இல்லை.

"அடில போட்டிருக்கது யாரு ஒப்புன்னு தெரியுதாய்யா?" என்று கேட்டார் சவரிமுத்து.

"கம்பெனி அதிகாரியாக இருக்கும்" என்றேன்.

இதை எழுதும்போதும் என் காது சூடாகிறது. அப்போது அப்படித்தான் சொன்னேன். அவர் தாளை நாலாக மடித்து உறையில் போட்டார்.

மரியதாஸின் மனைவி செசிலி எங்கே என்று கேட்டேன். "மறையூருல, அவ அண்ணங்கூட. எங்க வீட்டுக்காரவ குடிக்க மாட்டாவ, காயிதந்தான் பொய்யின்னு என் மூஞ்சிக்கு நேரா சொன்னா. நானும் ஒரு சொல்லு சொல்லிட்டேன். அன்னைக்குப் போனவதான். பேச்சுவார்த்த கெடையாது." பையைக் காட்டி, "அத அவகிட்டயே குடுத்திருங்க" என்றார்.

மூணாற்றுக்குத் திரும்பி, மறுநாள் காலை முதல் பஸ்ஸில் மறையூருக்கு இறங்கினேன். வளைவுக்கு வளைவு பனி விலகி வெயில் வந்தது. மற்றவர்கள் கம்பளியைக் கழற்றினார்கள். எனக்கு மட்டும் குளிர் விடவில்லை. ஜன்னலோரம் இருந்த ஒரு வயதான கணவனும் மனைவியும் ஆரஞ்சுப் பழத்தை உரித்து எனக்கும் இரண்டு சுளை நீட்டினார்கள். வாங்கிக் கையிலேயே வைத்திருந்தேன்.

செசிலியின் அண்ணன் அருளப்பன் வெல்லம் காய்ச்சும் கொட்டகை ஒன்றில் வேலை பார்த்தார். கரும்பு வயலுக்கு நடுவில் கூரை மட்டும் உள்ள கொட்டகை. ஒரு பக்கம் கரும்பு பிழியும் எந்திரம். மறுபக்கம் அடுப்பின்மேல், ஒரு சின்னப் படகு அகலத்துக்கு இரும்புக் கொப்பரை. அருளப்பன் நீளத் துடுப்பால் பாகைக் கிளறிக்கொண்டிருந்தார். செசிலி அடுப்பு வாயில் காய்ந்த கரும்புச் சக்கையைத் தள்ளிக்கொண்டிருந்தார். முப்பது வயதுகூட இருக்காது. நான் யார் என்று சொன்னதும் அடுப்பை விட்டு எழுந்தார். பையை வாங்கித் திறந்து ஒவ்வொரு பொருளாக எடுத்துப் பார்த்தார். குல்லாயை முகர்ந்தார். எல்லாவற்றையும் திரும்ப வைத்து, கொப்பரைச் சூடு படாத இடமாகப் பார்த்துப் பையை மாட்டினார்.

"இதக் குடுக்கவா இம்புட்டுத் தூரம் வந்திய?"

"இல்லை. ஒன்று சொல்ல வேண்டும்."

"சொல்லுங்க. நின்னுக்கிட்டே கேக்கேன். அடுப்பு அணஞ்சிரப்படாது."

சொன்னேன். கப்பலின் அடிக்கட்டைகளுக்கு நடுவில் மரியதாஸ் ஒரு பெரிய ஜாடியைக் கண்டுபிடித்தார். கழுத்து உடையாத, முழு ஜாடி. மண்ணை விரலால் விலக்கி விலக்கி, கீறல் படாமல் எடுத்தார். மேலே கொண்டுவந்த பிறகுதான் தெரிந்தது, காமிராவுக்குள் தண்ணீர் புகுந்து ஒன்றுமே பதிவாகவில்லை என்று. மறுநாள் குழு ஊர் திரும்ப வேண்டும். மாற்றுக் காமிரா தயாராக இருந்தது. அன்றே ஜாடியைக் கயிற்றில் கட்டி மறுபடி கடலடிக்கு இறக்கினோம். அதை இரண்டாம் முறை எடுக்கும் காட்சியில் கை மரியதாஸின் கையாக இருக்க வேண்டும் என்றேன். என் கைக்கு அந்தப் பக்குவம் இல்லை.

இதுவரை சொன்னது நானே எனக்குச் சொல்லிப் பழகியிருந்த கதை. மீதியை அன்றுவரை யாரிடமும் சொன்னதில்லை.

"இறங்குவதற்கு முன்னால், 'சார், தோளு லேசாக் கடுக்குது' என்று சொன்னார். தோள் கடுத்தால் அது எதன் அறிகுறி என்று எனக்குத் தெரியும். அவருக்கும் தெரியும்."

செசிலி சக்கையைக் கீழே போட்டார். "நீங்க என்ன சொன்னிய?"

"'ஒரே ஒரு தடவை, மரியதாஸ்' என்று சொன்னேன்."

"அவுக?"

"சிரித்தார். முகமூடியைப் போட்டுக்கொண்டார்."

மேலே வந்தபோது நிற்க முடியவில்லை. இப்படிப்பட்டவர்களைக் காப்பாற்றும் அழுத்த அறை பக்கத்துத் துறைமுகத்தில்தான் இருந்தது. படகு பாதி தூரம் போவதற்குள் முடிந்துவிட்டது. அதையும் சொன்னேன். அறிக்கையையும், அடியில் இருப்பது என் கையெழுத்து என்பதையும், முந்தைய நாள் சவரிமுத்துவிடம் சொன்ன பொய்யையும் சொன்னேன்.

அருளப்பன் துடுப்போடு வந்து என் சட்டையைப் பிடித்தார். துடுப்பிலிருந்து கொதிக்கும் பாகு என் செருப்பருகே சொட்டியது. "சினிமா பிடிக்கவாலே எங்க மாப்பிள்ளயக் கொன்னே?" என்றார். நான் விலகவில்லை. அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்றுகூடத் தோன்றியது.

"விடுண்ணே. பாகு முறிஞ்சிரும், போ" என்றார் செசிலி. அருளப்பன் சட்டையை விட்டுவிட்டுக் கொப்பரைக்குத் திரும்பினார். முதுகு குலுங்கியது.

செசிலி அழவில்லை. கீழே கிடந்த சக்கையைக் கால்விரலால் தள்ளியபடியே பேசினார். "அவுக குடிக்க மாட்டாகன்னு எனக்குத் தெரியும். அதுக்கு எனக்கு ஒருத்தர் சாட்சி வேண்டாம். மாமாதான் நம்பிட்டாவ. பெத்த தகப்பன். இப்பச் சொன்னத ஒரு வார்த்த விடாம அங்க வந்து சொல்லணும். நானும் வாரேன்."

மறுநாள் காலை பஸ்ஸில் அவர் பெண்கள் சீட்டில், நான் பின்னால். மூணாற்றில் பஸ் மாறக் காத்திருந்தபோது டீ வாங்கிக் கொடுத்தேன். பாதி குடித்துவிட்டுக் கேட்டார்.

"அந்த ஜாடி இப்ப எங்க இருக்கு?"

"எங்கள் அருங்காட்சியகத்தில். கண்ணாடிப் பெட்டிக்குள்."

"எடுத்தது யாருன்னு எழுதிப் போட்டிருக்குமோ?"

"போட்டிருக்கிறது."

"அவுக பேரா?"

"என் பேர்."

மீதி டீயைக் கீழே ஊற்றிவிட்டு தம்ளரைக் கடைக்காரரிடம் கொடுத்தார்.

சவரிமுத்து வேலை முடிந்து அப்போதுதான் வந்திருந்தார். வாசலில் மருமகளைப் பார்த்ததும் முகம் இறுகியது. என்னைப் பார்த்ததும் ஒன்றும் புரியாமல் நின்றார். இந்த முறை நாற்காலியில் நான் உட்காரவில்லை. தோள் கடுத்ததில் தொடங்கிக் கையெழுத்துவரை சொன்னேன். அவர் சுவரில் சாய்ந்து கேட்டார். முடித்ததும் உறையை எடுத்து வந்து நீட்டி, "முழுசும் தமிழ்ல வாசிங்க" என்றார். வாசித்தேன். மதுவைப் பற்றிய வரி வந்ததும், "அத இன்னொரு தடவ" என்றார். அதை இரண்டாம் முறையும் வாசித்தேன்.

"கிளார்க்கு, குடிச்சிருந்தான்னுதான் சொன்னாரு. குடிச்சிருக்கக்கூடும்னு சொல்லலியே" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார்.

பிறகு ஒரு நோட்டுப் புத்தகத்தையும் பேனாவையும் என் முன்னால் வைத்தார். "நடந்தது பூராவும் தமிழ்ல எழுதித் தாங்க. ஞாயித்துக்கெழம பூசையில சாமியார வாசிக்கச் சொல்லுதேன். இந்தக் காயிதத்த எல்லாரும் கேட்டாங்கல்லா, அதையும் கேக்கட்டும்."

நின்றபடியே ஜன்னல் திட்டில் வைத்து எழுதினேன். எத்தனையோ வருஷமாகத் தமிழில் இவ்வளவு நீளமாக எழுதியதில்லை. சில இடங்களில் எழுத்து தடுமாறியது. கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். அவர் ஒவ்வொரு வரியாக, உதடு அசைய, வாசித்தார்.

"ஞாயிற்றுக்கிழமை நானும் இருக்கட்டுமா? நானே வாசிக்கிறேன்" என்றேன்.

"வேண்டாம்யா. நீங்க பேசுனா எல்லாரும் ஒங்களத்தான் பாப்பாக. சாமியாரு வாசிச்சாப் போதும்."

நோட்டுப் புத்தகத்தை மூடி வைத்தார். செசிலி பக்கம் திரும்பினார். ஏழெட்டு மாதம் பேசாமல் இருந்த மருமகளிடம் என்ன பேசுவது என்று தெரியாமல் தொண்டையைக் கனைத்தார்.

"சாப்ட்டியா?" என்றார்.

"இல்ல மாமா."

"உள்ள கஞ்சி இருக்கு. எடுத்துப் போட்டுத் தின்னு. எனக்கும் வை."

செசிலி பையோடு உள்ளே போனார். நான் எப்போது வெளியே வந்தேன் என்பதை இரண்டு பேரும் கவனித்திருக்க மாட்டார்கள். சாலைக்கு நடந்து வந்து அங்கிருந்த கல்லில் உட்கார்ந்தேன். பஸ் வர வெகுநேரம் ஆயிற்று. மழை தூறியது, எழுந்து ஒதுங்கத் தோன்றவில்லை.

இங்கிலாந்து திரும்பியதும் கம்பெனிக்கும், அருங்காட்சியகத்துக்கும், தயாரிப்பாளருக்கும் நடந்ததை எழுதி அனுப்பினேன். கம்பெனி பதிலே போடவில்லை. தயாரிப்பாளர் தொலைபேசியில், எதற்காக இப்போது இதைக் கிளறுகிறாய் என்று கேட்டார். மிகவும் அன்பாகத்தான் கேட்டார். அடுத்த பருவத்து நிகழ்ச்சியில் வேறொருவர் ஈரத் தலையோடு படகில் உட்கார்ந்திருந்தார். மீன்கடைக்காரர் கொஞ்ச நாள் விசாரித்தார், பிறகு மறந்துவிட்டார். நான் நிலவறைக்குத் திரும்பிப் பானைகளை வரைகிறேன்.

ஜாடியின் விவரச் சீட்டை மாற்றப் பல மாதம் மன்றாட வேண்டியிருந்தது. கடைசியில் சம்மதித்தார்கள். எடுத்தவர் மரியதாஸ், சித்திரபுரம். அந்தப் பணியிலேயே இறந்தார் என்று இருக்கிறது. புகைப்படம் எடுத்துச் செசிலிக்கு அனுப்பினேன். பதில் வரவில்லை. வரும் என்று நான் எதிர்பார்க்கவும் இல்லை.

சில நாட்களில் மதியம் மேலே ஏறிப் போய் அந்தப் பெட்டிக்குச் சற்றுத் தள்ளி நிற்பேன். பெரும்பாலும் யாரும் சீட்டைப் படிப்பதில்லை. ஒரு நாள் ஒரு பெரியவர் மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு முழுக்கப் படித்தார். பிறகு காவலாளியிடம், இந்தச் சித்திரபுரம் எங்கே இருக்கிறது என்று கேட்டார்.

"கடற்கரை ஊராகத்தான் இருக்கும், ஐயா" என்றார் காவலாளி.

மலை ஊர் என்று நான் சொன்னேன். இரண்டு பேரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். நம்பியதாகத் தெரியவில்லை.